செஞ்சிக்கு ஒரு நாள்

(இளம் அறிவியல் இயற்பியல், இரண்டாம் ஆண்டு)

பயணம் மனிதனின் அறிவை விரிவாக்கும் என்று ஆன்றோர் கூறுவர். எங்கள் வீட்டில் பயணம் என்ற சொல்லுக்கு வேறு பொருள். திருமணம் என்றால் போவோம். துக்கம் என்றால் போவோம். நேர்த்திக்கடன் இருந்தால் திருத்தணிக்குப் போவோம். ஓர் இடத்தைப் பார்த்துவிட்டு வருவதற்கென்றே எங்கள் குடும்பத்தில் எவரும் வண்டி ஏறியது கிடையாது. கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். சுற்றுலாப் பேருந்தில் ஏறிய முதல் ஆளும் நான்தான்.

இத்தனைக்கும் சுற்றுலா எங்கள் கண்ணுக்குப் புதிதன்று. எங்கள் ஊர் திருப்பருத்திக்குன்றம். காஞ்சிக்குத் தென்மேற்கே, வேகவதி ஆற்றங்கரையில் இருக்கிறது. ஜினகாஞ்சி என்ற பழம்பெயரும் அதற்கு உண்டு. அங்குள்ள திரைலோக்கியநாதர் கோயிலின் விதான ஓவியங்களைக் காண வெளியூராரும் வெளிநாட்டாரும் வருவதுண்டு. ஓவியம் பார்த்த கையோடு சிலர் தறி பார்க்கவும் விரும்புவர். அப்பா குழித்தறியில் அமர்ந்து நெய்துகொண்டிருப்பார். அவர்கள் வாசலில் நின்று படம் எடுத்துக்கொண்டு போவார்கள். இப்படிப் பிறர் வந்து பார்த்துப் போகும் ஒரு வீட்டிலிருந்து, தானும் போய்ப் பார்த்துவரலாம் என்று ஒருவன் புறப்பட்ட கதையே இக்கட்டுரை.

கல்லூரி வரலாற்று மன்றத்தின் சார்பில் செஞ்சிக் கோட்டைக்கு ஒருநாள் சுற்றுலா. பிற துறை மாணவர்களும் சேரலாம். கட்டணம் 650 ரூபாய் என்று அறிவிப்புப் பலகையில் ஒட்டியிருந்தார்கள். 650 ரூபாய் என்பது அப்பாவுக்கு ஏறக்குறைய இரண்டு நாள் கூலி. கேட்க எனக்கு வாய் வரவில்லை. அம்மாதான் சொன்னார். அப்பா நாடாவை நிறுத்தாமலே, "போய்ட்டு வரட்டும். நான் நெஞ்ச புடவை எத்தனையோ ஊரைப் பாத்திருக்கும். நெஞ்சவன் வீட்ல ஒருத்தனாவது பாக்கட்டும்" என்றார்.

பாலாற்றைக் கடந்து

விடியற்காலை ஐந்தரை மணிக்குப் பேருந்து புறப்பட்டது. மாணவ மாணவியர் நாற்பத்தெட்டுப் பேர். உடன் பேராசிரியர் நால்வர். பாட்டும் கைத்தட்டலுமாகப் பாலாற்றுப் பாலத்தைக் கடந்தோம். பெயரில்தான் பால் இருக்கிறது. ஆற்றில் மணல்தான் இருந்தது.

தூசியைத் தாண்டியதும் மாமண்டூர் ஏரி. கண்ணுக்கெட்டிய தூரம் நீர்! கதிரவன் அப்போதுதான் எழுந்தான். வரலாற்றுப் பேராசிரியர் ஒலிபெருக்கியை வாங்கிக்கொண்டு, இவ்வேரி பல்லவர் காலத்தது என்றும், சித்திரமேகத் தடாகம் என்பது இதன் பழம்பெயர் என்றும் விளக்கினார். கரையோரக் குன்றில் நான்கு குடைவரைகள் உள்ளன. அவற்றில் ஒன்றில் மகேந்திரவர்மனின் கல்வெட்டு இருக்கிறது. மத்தவிலாசம் என்னும் நகைச்சுவை நாடகத்தை எழுதிய அதே மன்னன்தான்.

பிறகு வழிநெடுக நெல்வயல், மல்லாட்டைக் கொல்லை, பனைவரிசை. தறிச் சத்தம் இல்லாத ஒரு காலைப் பொழுதை நான் கண்டது அன்றுதான்.

வந்தவாசியில் சிற்றுண்டி. கோரைப் பாய்க்குப் பெயர்பெற்ற ஊர் அது. கடைகளில் பாய்களைச் சுருட்டிச் சுருட்டி நிறுத்தியிருந்தார்கள். அவ்வூரின் பெயர் உலக வரலாற்றில் இடம்பெற்றது வேறு காரணத்தால். 1760 சனவரி 22ஆம் நாள் இங்கே நடந்த போரில் ஆங்கிலத் தளபதி அயர் கூட், பிரெஞ்சுத் தளபதி லாலியைத் தோற்கடித்தார். தென்னாட்டில் பிரெஞ்சுக்காரரின் கனவு கலைந்தது. சிதைந்த கோட்டையைச் சற்று நேரம் பார்த்துவிட்டு வண்டி ஏறினோம்.

மேல்சித்தாமூரில் என் ஊர்ப் பெயர்

திண்டிவனம் சாலையில் சென்று மேற்கே திரும்பினால் மேல்சித்தாமூர். தமிழ்ச் சமணர்களின் தலைமை மடம் இங்குதான் இருக்கிறது. உயர்ந்த கோபுரமும் பார்சுவநாதர் கோயிலும் பாறையில் செதுக்கிய தீர்த்தங்கரர் உருவங்களும் உள்ள அமைதியான சிற்றூர். மடத்தின் பெயரைப் படித்ததும் திகைத்து நின்றேன். "ஜினகாஞ்சி ஜைன மடம்" என்றிருந்தது!

அங்கே எங்களுடன் வழிகாட்டி ஒருவர் சேர்ந்துகொண்டார். செஞ்சிக்காரர்; எழுபதை நெருங்கிய வயது; வெள்ளை வேட்டி, தோளில் துண்டு, கையில் ஒரு குச்சி. என் திகைப்பைக் கண்டு, "என்ன தம்பி?" என்றார். "ஐயா, இது எங்க ஊர்ப் பேரு" என்றேன். "அப்படியா! இந்த மடம் ஆதியில உங்க காஞ்சியில இருந்து இங்க வந்ததுன்னுதான் சொல்லுவாங்க. அப்ப நீங்க மூத்த வீட்டுக்காரரு" என்று சிரித்தார். அன்று முழுவதும் அவர் என்னை "ஜினகாஞ்சித் தம்பி" என்றே அழைத்தார். பெரிய மடம் ஒன்று எங்கள் ஊர்ப் பெயரை இன்றும் தாங்கி நிற்கிறது என்ற செய்தி எனக்கு ஏனோ மிகுந்த மகிழ்ச்சி தந்தது.

செஞ்சிக் கோட்டை

விழுப்புரம் மாவட்டத்தில், இராசகிரி, கிருட்டிணகிரி, சந்திரகிரி என்னும் மூன்று மலைகளையும் இணைத்து வளைத்த மதில். அம்மதிலின் நீளம் ஏறத்தாழ 13 கிலோமீட்டர் என்றால் கோட்டையின் பரப்பை நீங்களே எண்ணிப் பாருங்கள். 2025 சூலையில் யுனெஸ்கோ நிறுவனம் மராட்டியர் படைத்தளங்களாக விளங்கிய பன்னிரண்டு கோட்டைகளை உலக மரபுச் சின்னமாக அறிவித்தது. பதினொன்று மகாராட்டிரத்தில் உள்ளவை. பன்னிரண்டாவது நம் செஞ்சி.

வெயில் ஏறுமுன் இராசகிரியில் ஏறத் தொடங்கினோம். உயரம் சுமார் 800 அடி. எங்களில் பலர் முதல் நூறு படிகளைப் போட்டியிட்டு ஏறி, அடுத்த நூறில் உட்கார்ந்துவிட்டோம். வழிகாட்டி ஐயாவோ ஒரே சீராக ஏறினார். வாயில்களின் அருகே மட்டும் எங்களை நிறுத்துவார். "இங்க நின்னு பாருங்க. வாசலுக்கு நேரா வழி இருக்கா? இல்ல. ஏன்? யானை ஓடிவந்து முட்டக் கூடாது. வழியை வளைச்சுட்டா யானைக்கு வேகம் கிடைக்காது." நான் வகுப்பில் படித்த உந்தமும் வேகமும் அங்கே கல்லில் இருந்தன.

பாதி வழியில் கமலக்கண்ணி அம்மன் கோயில். உச்சிக்குச் சற்று முன்னே மலை பிளந்து நிற்கிறது. 24 அடி அகலம், 60 அடி ஆழம். அதன்மேல் ஒரு பாலம். அக்காலத்தில் பாலத்தை எடுத்துவிட்டால் சிலர் நின்றே பெரும்படையைத் தடுக்கலாம். கீழே குனிந்து பார்த்த எங்களுக்குத் தலை சுற்றியது.

உச்சியில் அரங்கநாதர் கோயில், களஞ்சியம், பீரங்கி. சுற்றிலும் பார்த்தால் கண்கொள்ளாக் காட்சி! குவித்து வைத்தாற்போன்ற பாறை மலைகள், இடையிடையே ஏரிகள், பசுமைக் கட்டங்களாய் வயல்கள். அங்கே அமர்ந்து வழிகாட்டி வரலாறு சொன்னார். கோன்கள் தொடங்கிய கோட்டை இது என்பது மரபு. பின்னர் விசயநகரத்தார், நாயக்கர், பீசப்பூர் சுல்தான். 1677இல் சிவாசி கைப்பற்றினார். அவர் மகன் இராசாராம் இங்கே தங்கியிருந்தபோது, 1690 முதல் 1698 வரை மொகலாயத் தளபதி சுல்பிகார்கான் முற்றுகையிட்டார். எட்டு ஆண்டுகள்! முடிவில் கோட்டை விழுந்தது, இராசாராம் தப்பிவிட்டார்.

தேசிங்குராசன் கதையைச் சொல்லாமல் செஞ்சியைச் சொல்ல முடியுமா? 1714இல் ஆற்காட்டு நவாபு சாதத்துல்லாகானின் பெரும்படையைச் சிறுபடையுடன் எதிர்த்து மாண்டவன். அப்போது அவனுக்கு வயது இருபத்திரண்டு என்பர். எங்கள் கூட்டத்தில் அதுவரை இருந்த சிரிப்பு சற்று அடங்கியது. எங்களைவிட இரண்டு வயதே மூத்தவன் அல்லவா?

1750இல் பிரெஞ்சுத் தளபதி புசி ஒரே இரவில் இக்கோட்டையைப் பிடித்தார். அதே புசி பத்தாண்டு கழித்து, நாங்கள் காலையில் இட்லி தின்ற வந்தவாசியில் ஆங்கிலேயரிடம் சிறைப்பட்டார். 1761இல் செஞ்சியும் ஆங்கிலேயர் வசமாயிற்று. பின்னாளில் போருக்கும் வேலையில்லை, கோட்டைக்கும் வேலையில்லை. ஊர் ஓய்ந்தது.

"இருந்தது"

இறங்கி வந்து கட்டுச்சோறு உண்டோம். மாலையில் கல்யாண மகாலைப் பார்த்தோம். நடுவே பல மாடிகளுடன் கூம்பிய கூரைக் கோபுரம். கோட்டைக்கு வெளியே இருந்த நீர்நிலையிலிருந்து சுடுமண் குழாய்கள் வழியாக மேல் மாடிவரை நீர் வந்ததாம். பொறி எதுவும் இல்லை. நீர் தன் மட்டத்தைத் தேடும் என்ற ஒரே விதிதான். குழாய் போட்டவர் எந்தக் கல்லூரியில் படித்தாரோ!

வேங்கடரமணர் கோயிலையும் சாதத்துல்லாகான் பள்ளிவாசலையும் கண்டோம். இங்கிருந்த அழகிய ஒற்றைக்கல் தூண்கள் சிலவற்றைப் பிரெஞ்சுக்காரர் புதுச்சேரிக்கு எடுத்துச் சென்றனர். இன்று அங்கே கடற்கரைக் காந்தி சிலையைச் சுற்றி நிற்பவை அவைதாம்.

நடந்துகொண்டே வழிகாட்டி குச்சியால் காட்டினார். "இங்க குதிரை லாயம் இருந்தது. இங்க உடற்பயிற்சிக் கூடம் இருந்தது. இங்க ஜனங்க இருந்தாங்க." இருந்தது, இருந்தது என்ற அச்சொல் என் நெஞ்சில் தைத்தது. எங்கள் தெருவில் நான் சிறுவனாக இருந்தபோது வீட்டுக்கு வீடு தறி ஓடும். இன்று அச்சத்தம் குறைந்துவிட்டது. என் வயதுப் பிள்ளைகள் தொழிற்சாலைகளுக்குப் போகிறார்கள். நான் கல்லூரிக்கு வந்துவிட்டேன். தறிக்குழியில் நான் இறங்கக் கூடாது என்பதுதான் அப்பாவின் ஆசை. நாளை ஒருநாள் எங்கள் தெருவிலும் ஒருவர் குச்சியை நீட்டி, "இங்கே தறி இருந்தது" என்று சொல்வாரோ?

வழிகாட்டியிடம் இதை மெல்லச் சொன்னேன். அவர் சிறுவயதில் இக்கோட்டைக்குள்ளேயே மாடு மேய்த்தவராம். சற்று நேரம் பேசாமல் நடந்தார். பிறகு சொன்னார்: "வந்தவங்க பாத்துட்டுப் போறது பெருசில்ல தம்பி. ஊர்க்காரன் பாக்கணும். நான் பாத்ததாலதான் உங்களுக்குச் சொல்றேன். உங்க ஊர உங்ககிட்டதான கேப்பாங்க?"

திரும்பும் வழியில்

செஞ்சியில் அவர் விடைபெற்றார். இருட்டத் தொடங்கியது. வரலாற்றுப் பேராசிரியர், "ஜினகாஞ்சித் தம்பி ஊரைப் பத்திச் சொல்லட்டும்" என்று ஒலிபெருக்கியை என்னிடம் நீட்டினார். கை நடுங்கியது. ஆயினும் எழுந்தேன்.

பல்லவர் காலத்துப் பள்ளன்கோவில் செப்பேட்டிலேயே பருத்திக்குன்று என்ற பெயர் வருவதைச் சொன்னேன். விசயநகர அமைச்சர் இருகப்பர், தம் குரு புட்பசேனரின் சொற்படி 1387-88இல் சங்கீத மண்டபத்தைக் கட்டுவித்ததைச் சொன்னேன். ரிசபதேவர், வர்த்தமானர், நேமிநாதர் ஆகியோரின் வரலாறுகள் வரிசை வரிசையாக விதானத்தில் தீட்டப்பட்டிருப்பதையும், கோயிலில் உள்ள குரா மரத்தையும் சொன்னேன். "ஊர்ப் பெயரில் குன்றம் உண்டு, ஊரிலோ குன்று கிடையாது. ஆனால் பருத்தி என்ற பெயருக்கு ஏற்பத் துணி மட்டும் நெய்கிறோம், அதுவும் பட்டு!" என்றதும் கைத்தட்டல் எழுந்தது.

"கோர்வைன்னா என்ன?" என்று ஒரு மாணவி கேட்டார். கரையும் உடலும் வேறு நிறமாக இருக்கும்போது இரண்டையும் இழைக்கு இழை பிணைத்து நெய்வது என்றும், அதற்குத் தறியில் இருவர் வேண்டும் என்றும், சிறுவயதில் அப்பாவுக்குப் பக்கத்தில் அமர்ந்து நாடா தள்ளிய இரண்டாமவன் நான்தான் என்றும் சொன்னேன். வண்டி முழுவதும் அமைதியாகக் கேட்டது. என் வீட்டுத் தொழிலைக் கல்லூரித் தோழர்களிடம் நான் விளக்கிப் பேசியது அதுவே முதல் முறை.

அடுத்த விடுமுறை நாளில் அப்பாவையும் அம்மாவையும் எங்கள் ஊர்க் கோயிலுக்கு அழைத்துச் சென்றேன். வீட்டிலிருந்து நடக்கும் தூரந்தான். ஆனால் பகலெல்லாம் தறியில் இருப்பவர்களுக்கு விதானத்தை அண்ணாந்து பார்க்க ஏது நேரம்? செஞ்சி ஐயாவைப் போலவே, "இங்க நின்னு பாருங்க" என்று நிறுத்தினேன். ஓவியங்களின் கீழே எழுதியிருந்த தமிழ் எழுத்துகளில் சிலவற்றை அப்பா கூட்டிக் கூட்டிப் படித்தார். பிறகு கழுத்தைத் தடவிக்கொண்டே, "அந்தப் பொம்பளை கட்டியிருக்கிற துணிக் கரையப் பாருடா" என்றார். அன்றிரவு அவர் ஒவ்வொன்றாய்ச் சொல்ல, நம் கரைகளின் பெயர்களை நோட்டில் எழுதினேன்: மயில்கண், குயில்கண், மல்லிமொக்கு, ருத்திராட்சம், தாழம்பூ ரேக்கு. பட்டியல் இன்னும் முடியவில்லை. அவர் நினைவுக்கு வரவர எழுதி வருகிறேன்.

மாணவ நண்பர்களே! நம் கல்லூரிக்குச் சுற்றுவட்டாரத்து ஊர்கள் பலவற்றிலிருந்து வருகிறோம். ஏரி இல்லாத ஊரில்லை. பழங்கோயில் இல்லாத ஊரும் குறைவு. ஆண்டுதோறும் செல்லும் சுற்றுலாவில், திரும்பும் வழியில் ஒரு மணி நேரத்தையாவது அவரவர் ஊரைப் பற்றி மாணவர்கள் பேச ஒதுக்க வேண்டும் என்று வரலாற்று மன்றத்தாரைப் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். எங்கள் ஊருக்கு எப்போது வேண்டுமானாலும் வாருங்கள். கோயிலையும் தறியையும் காட்டுகிறேன், கட்டணம் இல்லை!