நவம்பர் 9: ஒரு தேதியின் ஐந்து முகங்கள்

நாளிதழ்களில் ‘வரலாற்றில் இன்று’ என்றொரு பெட்டிச் செய்தி வரும். யாரோ ஒரு விஞ்ஞானி பிறந்திருப்பார், எங்கோ ஒரு பாலம் திறக்கப்பட்டிருக்கும், எரிமலை ஒன்று வெடித்திருக்கும். தேதியைத் தவிர இவற்றுக்குள் ஒட்டுமில்லை, உறவுமில்லை. ஆண்டுக்கு 365 நாள்தான், வரலாறோ நீளமானது. எந்தத் தேதியைப் புரட்டினாலும் நாலு சம்பவம் அகப்படத்தான் செய்யும்.

ஜெர்மனியின் நவம்பர் 9 அந்தக் கணக்கில் முழுதாக அடங்குவதில்லை.

1848-இல் இதே நாளில், பிராங்க்பர்ட் நாடாளுமன்ற உறுப்பினரும் ஜனநாயகவாதியுமான ராபர்ட் புளூம் வியன்னாவில் சுட்டுக் கொல்லப்பட்டார். எழுபது ஆண்டு கழித்து, 1918-இல், பேரரசர் இரண்டாம் வில்ஹெல்மின் முடி பறிபோனது. சோஷலிஸ்ட் தலைவர் கார்ல் லீப்க்னெக்ட் முந்திக்கொள்ளப்போகிறார் என்று கேள்விப்பட்ட சமூக ஜனநாயகக் கட்சியின் பிலிப் ஷைடமன், பெர்லின் நாடாளுமன்றக் கட்டடத்திலிருந்து குடியரசை அறிவித்தார். அவருடைய கட்சித் தலைவர் எபர்ட்டுக்கே அது பிடிக்கவில்லை. சில மணி நேரத்தில் அரண்மனைப் பக்கம் நின்று லீப்க்னெக்ட்டும் தம் பங்குக்கு ஒரு சோஷலிசக் குடியரசை அறிவித்தார். ஒரே நகரில், ஒரே பிற்பகலில் இரண்டு குடியரசுகள்!

1923-இல் மியூனிக் நகரத்து பீர் மண்டபம் ஒன்றில், முந்தின நாள் இரவு ஹிட்லர் தொடங்கிய ஆட்சிக்கவிழ்ப்பு முயற்சி, 9-ஆம் தேதி நண்பகலில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் சிதறியது. தேதி இப்படி அமையக் காரணம், பவேரியத் தலைவர்களின் கூட்டம் 8-ஆம் தேதி மாலை அங்கே நடந்ததுதான். இதுவரை தற்செயல் என்றே வைத்துக்கொள்ளலாம்.

இதற்கு மேல் அந்தச் சமாதானம் செல்லாது. ஆட்சிக்கு வந்தபின் நாஜிகள் அந்தத் தோல்வியைத் திருவிழா ஆக்கினார்கள். செத்தவர்களைத் தியாகிகளாக்கி, ஆண்டுதோறும் அதே மண்டபத்தில் கூடினார்கள். 1938-இல் அந்த ஆண்டுவிழாவுக்காக மியூனிக்கில் கூடியிருந்த நேரத்தில்தான், பாரிஸில் 17 வயது யூத இளைஞன் ஹெர்ஷல் கிரின்ஸ்பானால் சுடப்பட்ட ஜெர்மன் தூதரக அதிகாரி இறந்த செய்தி வந்தது. கட்சியின் பெருந்தலைகள் எல்லாம் ஒரே ஊரில், ஒரே விருந்தில். பிரசார அமைச்சர் கோயபல்ஸ் பேசினார், அவர்கள் தத்தம் ஊர்களுக்குத் தொலைபேசியில் கட்டளை அனுப்பினார்கள். விடிவதற்குள் நாடெங்கும் யூத வழிபாட்டுக்கூடங்கள் எரிந்தன, கடைகள் நொறுங்கின. அடுத்த சில நாளில் சுமார் 30,000 யூத ஆண்கள் வதைமுகாம்களுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். தண்டமாக நூறு கோடி ரைஷ்மார்க்கும் யூதர்கள் தலையிலேயே கட்டப்பட்டது. கூடியிருந்தது அந்த நாளாக இல்லாதிருந்தால், கட்டளை அத்தனை வேகமாகப் பரவியிருக்குமா என்பது சந்தேகமே.

ஆண்டுவிழா தவறாது என்பதை இன்னொருவரும் கவனித்திருந்தார். தச்சர் கேயோர்க் எல்சர் இரவிரவாக அந்த மண்டபத்துத் தூணைக் குடைந்து குண்டு வைத்தார். 1939 நவம்பர் 8 அன்று மூடுபனி காரணமாக விமானம் போகாது என்பதால், ரயிலைப் பிடிக்க ஹிட்லர் சீக்கிரமே கிளம்பினார். பதின்மூன்று நிமிடம் கழித்துக் குண்டு வெடித்தது. எட்டுப் பேர் இறந்தார்கள். எல்சரை 1945 ஏப்ரலில் டாகாவ் முகாமில் கொன்றார்கள்.

1989-இல் நடந்ததோ சுத்தமான குளறுபடி. கிழக்கு ஜெர்மனியின் கட்சிப் பேச்சாளர் குந்தர் ஷபோவ்ஸ்கி, மேற்கு நாடுகளுக்குச் செல்ல அனுமதிக்கும் புதிய பயண விதிமுறைத் தாளைச் சரியாகப் படிக்காமலே செய்தியாளர்களைச் சந்தித்தார். எப்போது நடைமுறைக்கு வரும் என்று கேட்டார்கள். தாளைப் புரட்டிவிட்டு, உடனடியாக என்றார். மறுநாள்தான் வெளிவர வேண்டிய செய்தி அது. ஜனங்கள் பெர்லின் சுவர் எல்லைக்குத் திரண்டார்கள். போர்ன்ஹோல்மர் தெருச் சாவடியில் பொறுப்பிலிருந்த அதிகாரி ஹரால்ட் யேகர், மேலிடத்திலிருந்து தெளிவான பதில் வராத நிலையில், நள்ளிரவுக்குச் சற்று முன் தாமே கதவைத் திறந்துவிட்டார்.

சுவர் விழுந்த நாளையே தேசிய விழாவாக்கலாம் என்ற யோசனை எழாமல் இல்லை. வழிபாட்டுக்கூடங்கள் எரிந்த நாளில் வாணவேடிக்கை எப்படி விடுவது? அந்த யோசனையைக் கைவிட்டார்கள், அது சரியான முடிவுதான். 1990-இல் இரு ஜெர்மனிகளும் சட்டப்படி இணைந்த அக்டோபர் 3-தான் அங்கே விடுமுறை நாள். நவம்பர் 9-க்கு விடுமுறை கிடையாது.