அண்ணாந்து பார்த்தால் பொன்மொழி!

பிரான்ஸின் தென்மேற்கில், போர்தோ நகரத்திலிருந்து கிழக்கே சுமார் 50 கிலோமீட்டர் போனால், திராட்சைத் தோட்டங்களுக்கு நடுவே ஒரு சின்னக் கிராமம் வருகிறது. அங்குள்ள பழைய மாளிகை ஒன்றின் மூலையில் வட்டமான கல் கோபுரம் நிற்கிறது. கோபுரம் என்றதும் நம் ஊர்க் கோயில் கோபுரத்தை நினைத்துவிட வேண்டாம். பெரிய நெற்குதிருக்கு ஓட்டுக் கூரை போட்டது மாதிரி இருக்கும்.

குறுகலான சுழல் படிகளில் ஏறி மேல்மாடிக்கு வருகிறவர்கள் எல்லோரும் முதலில் செய்வது ஒரே காரியம்தான். தலையை அண்ணாந்து கூரையைப் பார்க்கிறார்கள். அங்கே மர உத்தரங்களிலும் குறுக்குச் சட்டங்களிலும் வரிசை வரிசையாக எழுத்துகள். கிரேக்கத்திலும் லத்தீனிலும் 60க்கும் மேற்பட்ட வாசகங்கள். நானூறு வருடங்களுக்கு மேலாகியும் இன்னும் படிக்க முடிகிறது.

இவற்றை எழுத வைத்தவர் இந்த மாளிகையின் சொந்தக்காரர், மிஷேல் தெ மொந்தேன். இன்று நாம் 'கட்டுரை' என்று சொல்லும் எழுத்து வகைக்கு ஐரோப்பாவில் பெயரும் உருவமும் கொடுத்தவர்.

38வது பிறந்தநாள்

மொந்தேன் பிறந்தது 1533 பிப்ரவரி 28. போர்தோ நீதிமன்றத்தில் பல வருடங்கள் பதவியில் இருந்தவர், தன் 38வது பிறந்தநாளை ஒட்டி, 1571ல், இனி உத்தியோகம் வேண்டாம், மிச்ச நாட்களை இந்தக் கோபுரத்தில் கழிப்பேன் என்று முடிவெடுத்தார். அதை லத்தீனில் சுவரிலேயே எழுதியும் வைத்தார்.

அதற்கு முந்தைய சில வருடங்கள் அவரை நன்றாக ஆட்டிப் பார்த்திருந்தன. உயிருக்கு உயிரான நண்பர் லா பொயசி 1563ல் 32 வயதிலேயே இறந்துபோனார். 1568ல் அப்பா போனார். 1570ல் பிறந்த முதல் குழந்தை சுமார் இரண்டு மாதத்திலேயே இறந்துபோனது. வெளியே கத்தோலிக்கர்களுக்கும் புராட்டஸ்டண்டுகளுக்கும் உள்நாட்டுப் போர்.

கோபுரத்தின் கீழ்த்தளத்தில் சின்னப் பிரார்த்தனைக் கூடம், நடுவில் படுக்கையறை, மேலே நூலகம். வளைந்த சுவரை ஒட்டி ஐந்து அடுக்கு அலமாரிகளில் சுமார் ஆயிரம் புத்தகங்கள் இருந்தன. சாகும்போது லா பொயசி நண்பனுக்கென்று விட்டுப்போன புத்தகங்களும் அதில் அடக்கம். பகல் பொழுதில் பெரும்பகுதியை மொந்தேன் இங்கேதான் கழித்தார். நடந்துகொண்டே யோசிப்பது அவர் வழக்கம். நடக்கிறவர் நிமிர்ந்தால் கண்ணில் படுவது கூரை. அங்கேதான் வாசகங்கள்.

உற்சாகமூட்டும் வரிகளா?

துக்கத்தில் இருந்தவர் எழுதி வைத்தவை என்றால், மனசுக்குத் தெம்பு தரும் வரிகளாக இருக்கும் என்றுதான் நினைப்போம். 'எழுந்திரு, வெற்றி உனதே' என்கிற ரகம். அப்படி இல்லை. பைபிளின் பிரசங்கி, நாடகாசிரியர்கள் சோஃபக்ளீஸ், யூரிப்பிடீஸ், ரோமானியக் கவி லுக்ரீஷியஸ், எதையும் சந்தேகித்துப் பார்க்கச் சொன்ன செக்ஸ்டஸ் எம்பிரிகஸ் என்று பலரிடமிருந்து அவர் எடுத்த வரிகளில் பெரும்பாலானவை ஒரே பக்கம்தான் கை காட்டுகின்றன: மனிதனுக்குத் தெரிந்தது கொஞ்சம், அதை வைத்துக்கொண்டு ஆடாதே.

இது ஏன் என்பது அந்தக் காலத்தைப் பார்த்தால் புரியும். 1572 ஆகஸ்டில் பாரிஸில் ஆயிரக்கணக்கான புராட்டஸ்டண்டுகள் கொல்லப்பட்டார்கள். சில வாரங்களில் அந்த வெறி போர்தோவுக்கும் வந்தது. கொன்றவர்களுக்குத் துளிக்கூடச் சந்தேகம் இல்லை. உண்மை தங்கள் பக்கம்தான் என்று நம்பினார்கள். ஊரே அப்படி இருக்கும்போது, 'எனக்குத் தெரிந்தது தப்பாகவும் இருக்கலாம்' என்று தினமும் தலைக்கு மேலே நினைவுபடுத்திக்கொள்வது சாதாரண விஷயமில்லை.

எழுத்துக்கு அடியில் எழுத்து

இந்தக் கூரையில் இன்னொரு விசேஷமும் உண்டு. சில சட்டங்களில் உற்றுப் பார்த்தால், மேலே இருக்கும் வரிக்கு அடியில் பழைய வரி ஒன்றின் தடம் தெரிகிறது. முன்பு இருந்த வாசகத்தின் மேல் வண்ணம் பூசி வேறொன்றை எழுதியிருக்கிறார்கள்.

அதாவது, பெரியவர்கள் சொன்னது என்பதற்காக எந்த வரிக்கும் அந்த வீட்டில் நிரந்தர இடம் கிடையாது. வாழ்க்கை மாறினால் வரியும் மாறலாம். மொந்தேன் அந்த வாசகங்களைக் கும்பிட்டு வைக்கவில்லை. கூட உட்கார்ந்து பேசினார், வாதாடினார். அந்தப் பேச்சுதான் கட்டுரைகளானது. முதல் தொகுப்பு 1580ல் வந்தது. அச்சான பிறகும் விடவில்லை. 1588 பதிப்பின் ஓரங்களில் கையால் எழுதி எழுதிச் சேர்த்துக்கொண்டே இருந்தார், 1592ல் இறக்கும் வரை. அந்தப் பிரதி இன்றும் போர்தோ நகர நூலகத்தில் பத்திரமாக இருக்கிறது.

வாசகங்கள் அவரைக் கஷ்டங்களிலிருந்து காப்பாற்றிவிட்டன என்று சொல்ல முடியாது. ஆறு பெண் குழந்தைகளில் பிழைத்தது லியோனோர் ஒருத்திதான். சிறுநீரகக் கல் வலி கடைசிவரை படுத்தியது. ஆனாலும் 1581 முதல் 1585 வரை போர்தோவின் மேயராக இருந்தபோது, சண்டை போட்ட இரண்டு பக்கத்தோடும் அவரால் பேச முடிந்தது. 'தெரிந்தது கொஞ்சம்' என்று தினமும் படித்தவர் அல்லவா!

மிஞ்சியது கூரை

1885ல் மாளிகை தீப்பிடித்து எரிந்தது. இப்போது அங்கே நிற்பது பிறகு கட்டியது. கோபுரத்தை மட்டும் தீ தொடவில்லை. ஆயிரம் புத்தகங்களும் எப்போதோ கை மாறிக் கலைந்துவிட்டன. அலமாரிகள் இல்லாத அறையில் வட்டச் சுவரும், ஜன்னல் வழியே தெரியும் தோட்டமும், தலைக்கு மேலே வாசகங்களும்தான் மிச்சம்.

நம் வீடுகளிலும் பொன்மொழிக்குக் குறைவில்லை. தினசரி காலண்டர் தாளில் ஒன்று, விடிந்ததும் வாட்ஸ்அப்பில் பூவோடும் சூரியனோடும் ஒன்பது. தாளைக் கிழித்ததும், திரையைத் தள்ளியதும் அது போய்விடுகிறது. இன்று காலை வந்தது என்ன என்று மாலையில் கேட்டால் பலருக்கும் நினைவிருக்காது.

மொந்தேனின் கூரையைக் கிழிக்கவும் முடியாது, தள்ளவும் முடியாது. ஒரே வரி நாளைக்கும் அங்கேயே இருக்கும், அடுத்த மாதமும் இருக்கும். நல்ல நாளில் ஒரு மாதிரியும், குழந்தையைப் புதைத்துவிட்டு வந்த நாளில் வேறு மாதிரியும் அது பேசியிருக்கும். ஃப்ரிட்ஜ் கதவில் ஒரே ஒரு வரியை ஒட்டிவைத்து, அது உண்மைதானா என்று ஒரு வருடம் கேட்டுப் பார்க்க யாராலும் முடியும். பொய் என்று தோன்றினால், அதன் மேலேயே இன்னொரு தாளை ஒட்டிக்கொள்ளலாம்.