முதலில் இறங்குகிறவர்

இலக்கியம் பேசும் ஏட்டில் கிரிக்கெட்டுக்கு என்ன வேலை என்று பெரியவர்கள் சிலர் முகம் சுளிக்கலாம். அவர்களுக்கு மரியாதையோடு ஒன்று சொல்லிக்கொள்கிறேன். ஒருவனோடு வழிப்பயணம் போய்ப் பார், கொடுக்கல் வாங்கல் வைத்துப் பார், அப்போது அவன் குணம் தெரியும் என்பார்கள் நம் முன்னோர். புதிய பந்துக்கு முன்னால் நிற்க வைத்துப் பார்த்தாலும் தெரியும் என்பது என் எண்ணம். அப்படி நின்ற ஓர் இளைஞரைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

தொடக்க ஆட்டக்காரரின் பணி என்ன என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். புதிய பந்து கெட்டியானது. அதன் மேல்தோல் பளபளக்கும். தையல் எழும்பி நிற்கும். வேகப் பந்து வீச்சாளர் தையலைச் சற்றே சாய்த்துப் பிடித்து வீசினால் பந்து காற்றில் வளையும். தையல் தரையில் பட்டால், நினையாத பக்கம் திரும்பும். களத்தின் தன்மை யாருக்கும் தெரியாத நேரம் அது. அந்த நேரத்தில் மட்டையுடன் முதலில் இறங்குகிறவர் ஓட்டம் எடுப்பதோடு இன்னொரு வேலையையும் செய்தாக வேண்டும். பந்தின் மெருகு தேயும்வரை, வீச்சாளரின் கை சோரும்வரை, அவர் நிலைத்து நிற்க வேண்டும். அவர் தாங்கிக்கொண்ட பந்துகளின் பலன் பின்னால் வருகிறவர்களுக்கே போய்ச் சேரும்.

எங்கள் கம்பம் பள்ளத்தாக்கில் விவசாயம் செய்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும். முதல் போகத்துக்கு முல்லைப் பெரியாற்றுத் தண்ணீர் திறந்துவிடும்போது, காய்ந்து வெடித்துக் கிடக்கும் வாய்க்காலில் முதலில் ஓடி வரும் தண்ணீர் வெகுதூரம் போவதில்லை. வழியிலுள்ள வறண்ட மண்ணே அதைக் குடித்துவிடும். அதன் பின்னால் வரும் தண்ணீர்தான் வயலுக்கு ஏறும், கடைமடைக்கும் போகும். முதல் தண்ணீர் வீணாயிற்று என்று எந்த விவசாயியும் சொல்வதில்லை.

இப்ராஹீம் ஸத்ரான் 2001 டிசம்பர் 12-ஆம் நாள் பிறந்தவர். பாகிஸ்தான் எல்லையை ஒட்டிய கோஸ்த் அவருடைய ஊர். அவரோடு இறங்கும் மற்றொரு தொடக்க ஆட்டக்காரரான ரஹ்மானுல்லாஹ் குர்பாஸும் கோஸ்த் பகுதிக்காரரே. இரண்டே வாரம் மூத்தவர். குர்பாஸ் இடிபோல் முழங்கி அடிப்பவர். இப்ராஹீமோ பொறுத்து நின்று ஆடுபவர். 2019 செப்டம்பரில் வங்காள தேசத்தின் சட்டோகிராமில் தம் முதல் டெஸ்ட் ஆட்டத்தை ஆடியபோது அவருக்கு வயது 17. அந்த ஆட்டத்தின் இரண்டாம் இன்னிங்ஸில் 87 ஓட்டங்கள் எடுத்தார். 2022 நவம்பரில் இலங்கையின் பல்லேகலேயில் 162 ஓட்டங்கள் குவித்தார். ஒரு நாள் ஆட்டத்தில் அதுவரை ஆப்கானியர் எவரும் அவ்வளவு எடுத்ததில்லை.

இந்த எண்களின் பெருமை அவர் பிறந்த மண்ணின் கதையை அறிந்தவர்களுக்கே முழுமையாகப் புலப்படும். 1979 டிசம்பரில் சோவியத் படைகள் ஆப்கானிஸ்தானுக்குள் நுழைந்தன. இலட்சோப இலட்சம் மக்கள் எல்லை தாண்டிப் பாகிஸ்தானில் தஞ்சம் புகுந்தார்கள். பெஷாவரைச் சுற்றியிருந்த அகதி முகாம்களில் வளர்ந்த பிள்ளைகள் அந்த மண்ணின் விளையாட்டான கிரிக்கெட்டைக் கற்றுக்கொண்டார்கள். பிற்காலத்தில் நாடு திரும்பியவர்கள் தங்களுடன் கொண்டு வந்த செல்வங்களில் அதுவும் ஒன்று. 1995-இல் அவர்களுக்கென்று ஒரு கிரிக்கெட் அமைப்பு உருவாயிற்று. 2009-இல் ஒரு நாள் ஆட்டங்களுக்குரிய தகுதியும், 2017 ஜூனில் டெஸ்ட் ஆடும் தகுதியும் கிடைத்தன. 2018 ஜூனில் பெங்களூரில் நம் இந்திய அணியோடு ஆடிய முதல் டெஸ்ட் இரண்டே நாளில், ஓர் இன்னிங்ஸ் 262 ஓட்டங்கள் வித்தியாசத்தில் தோல்வியாக முடிந்தது. அதற்கு அடுத்த ஆண்டே டேராடூனில் அயர்லாந்தை வென்று தங்கள் முதல் டெஸ்ட் வெற்றியைப் பெற்றார்கள். சொந்த நாட்டில் பிற நாட்டு அணிகளை வரவேற்று ஆட வழியில்லாததால் கிரேட்டர் நொய்டா, டேராடூன், லக்னோ என்று இந்திய ஊர்களின் களங்களே அவர்களுக்குத் தாயகக் களங்களாயின.

இப்ராஹீமுக்கு முன்னால் அவர் குடும்பத்திலேயே ஒருவர் இறங்கியிருந்தார். அவருடைய உறவு மாமன் முறையோ சிற்றப்பன் முறையோ, ஆங்கில ஏடுகள் ஒரே சொல்லால் குறிப்பிடும் நூர் அலி ஸத்ரான், 2009 முதல் ஆப்கானிஸ்தானின் தொடக்க ஆட்டக்காரராக ஆடியவர். அவருடைய நல்ல வயதில் அவர் நாட்டுக்கு டெஸ்ட் தகுதி இல்லை. தகுதி வந்தபின்னும் அவருக்கு உடனே இடம் கிடைக்கவில்லை. 2024 பிப்ரவரியில், 35-ஆம் வயதில், கொழும்பில் இலங்கைக்கு எதிராக அவருக்கு முதல் டெஸ்ட் வாய்த்தது. புதிதாக டெஸ்ட் ஆடுகிறவருக்குத் தொப்பி வழங்கும் மரபு ஒன்று உண்டு. நூர் அலியின் தலைக்குரிய தொப்பியை வழங்கியவர் இப்ராஹீம்! மூத்தவர் திறந்துவைத்த வழியில் இளையவர் முன்னே போய், அங்கே நின்று மூத்தவரை வரவேற்றார். அந்த டெஸ்டில் ஆப்கானிஸ்தான் பத்து விக்கெட் வித்தியாசத்தில் தோற்றது. இப்ராஹீம் இரண்டாம் இன்னிங்ஸில் 114 ஓட்டங்கள் எடுத்தார்.

இனி நம் சென்னைக்கு வருகிறேன். சேப்பாக்கம் ரசிகர்களுக்கென்று ஒரு நற்பெயர் உண்டு. 1997 மே மாதத்தில் பாகிஸ்தானின் தொடக்க ஆட்டக்காரர் சயீத் அன்வர் இந்தியாவுக்கு எதிராக 194 ஓட்டங்கள் குவித்தது அங்கேதான். 1999 ஜனவரியில் 12 ஓட்டங்களில் இந்தியாவை வென்ற பாகிஸ்தான் அணிக்கு, நெஞ்சில் வலியை வைத்துக்கொண்டே எழுந்து நின்று கைதட்டியதும் அதே சேப்பாக்கம்தான். 2023 அக்டோபர் 23-ஆம் நாள் உலகக் கோப்பையில் ஆப்கானிஸ்தானும் பாகிஸ்தானும் அங்கே மோதின. ஒரு நாள் ஆட்டங்களில் அதுவரை பாகிஸ்தானை அவர்கள் ஒருமுறையும் வென்றதில்லை.

உத்தமபாளையத்தில் எங்கள் வீட்டுக் கூடத்தில் தொலைக்காட்சிக்கு முன் எல்லோரும் கூடியிருந்தோம். பாகிஸ்தான் எடுத்தது 282. குர்பாஸ் விளாசத் தொடங்கியதும் வீட்டிலுள்ள பிள்ளைகள் ஆர்ப்பரித்தார்கள். மறுமுனையில் இப்ராஹீம் நிதானமாக நின்றார். என் தம்பி மகனுக்கோ பொறுமையில்லை.

"என்ன பெரியத்தா, இவரு அடிக்கவே மாட்டேங்குறாரு?"

"அவர் அடிக்கத்தான் செய்கிறார். நீ பந்தைப் பார்க்கிறாய், அவர் ஐம்பது ஓவரையும் பார்க்கிறார்" என்றேன்.

முதல் விக்கெட்டுக்கு இருவரும் 130 ஓட்டங்கள் சேர்த்தார்கள். குர்பாஸ் 65-இல் வெளியேறினார். இப்ராஹீம் 113 பந்துகளில் 87 எடுத்து ஆட்டமிழந்தபோது அணியின் எண்ணிக்கை 190. பந்தின் மெருகு போயிருந்தது, வீச்சாளர்கள் களைத்திருந்தார்கள். பின்னால் வந்த ரஹ்மத் ஷாவும் தலைவர் ஹஷ்மத்துல்லாஹ்வும் பதறாமல் ஆடி, ஓர் ஓவர் மீதமிருக்கையில் ஆட்டத்தை முடித்தார்கள். எட்டு விக்கெட் வித்தியாசத்தில் வெற்றி! ஆப்கானிய வீரர்கள் நன்றியோடு மைதானத்தைச் சுற்றி வந்தபோது சேப்பாக்கம் அவர்களைத் தன் பிள்ளைகளைப்போல் வாழ்த்தியது.

ஆட்ட நாயகன் விருது இப்ராஹீமுக்குக் கிடைத்தது. ஒலிபெருக்கி முன் நின்ற அந்த 21 வயது இளைஞர், பாகிஸ்தானிலிருந்து ஆப்கானிஸ்தானுக்குத் திருப்பி அனுப்பப்பட்ட தம் மக்களுக்கு அந்த விருதைச் சமர்ப்பித்தார். உரிய ஆவணமில்லாத அயல்நாட்டார் நவம்பர் முதல் நாளுக்குள் வெளியேற வேண்டும் என்று பாகிஸ்தான் அரசு அந்த மாதத் தொடக்கத்தில்தான் அறிவித்திருந்தது. பல்லாண்டுகளாக அங்கே வாழ்ந்தவர்களும், அங்கேயே பிறந்தவர்களும் மூட்டை முடிச்சுகளுடன் எல்லை நோக்கி நடந்துகொண்டிருந்தார்கள்.

விளையாட்டு மேடையில் இந்தப் பேச்சு எதற்கு என்று கேட்டவர்கள் உண்டு. நம் வாசகர்கள் அப்படிக் கேட்க மாட்டார்கள் என்று நம்புகிறேன். 1942-இல் பர்மாவிலிருந்து நடந்தே வந்த தமிழர்களின் கதை நமக்குத் தெரியும். 1960-களில் அதே பர்மாவில் கடையையும் உடைமையையும் இழந்து கப்பலேறி வந்தவர்களின் கதையும் தெரியும். 1990 அக்டோபரில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் இரண்டே மணி நேர அவகாசத்தில் ஊரை விட்டு வெளியேற்றப்பட்டதும் தெரியும். வீடிழந்தவர்களை வீடிழந்தவர்கள் மட்டுமே நினைக்க வேண்டும் என்ற நியதி எதுவும் இல்லை. புகழ் தன் தோளில் வந்து அமர்ந்த அந்த நிமிடத்தில், சாலையோரம் நடப்பவர்களை ஓர் இளைஞர் நினைத்தார் என்பதே எனக்கு அந்த 87 ஓட்டங்களைவிடப் பெரிதாகத் தோன்றியது.

அதன்பின் நவம்பர் 7-ஆம் நாள் மும்பையில் ஆஸ்திரேலியாவுக்கு எதிராகக் கடைசிவரை ஆட்டமிழக்காமல் 129 எடுத்தார். உலகக் கோப்பையில் ஓர் ஆப்கானியர் அடித்த முதல் சதம் அதுதான். ஆனால் வெற்றி அன்று அவர்களுக்கு எழுதப்பட்டிருக்கவில்லை. 91 ஓட்டங்களுக்கு 7 விக்கெட்டுகளை இழந்து தவித்த ஆஸ்திரேலியாவை, ஒற்றை ஆளாக 201 எடுத்து மாக்ஸ்வெல் கரை சேர்த்தார். பிறகு கணுக்காலில் ஏற்பட்ட காயம் இப்ராஹீமைப் பல மாதங்கள் களத்திலிருந்து விலக்கி வைத்தது. திரும்பி வந்தவர், 2025 பிப்ரவரி 26-ஆம் நாள் சாம்பியன்ஸ் கோப்பையில் இங்கிலாந்தைச் சந்தித்தார். 37 ஓட்டங்களுக்குள் மூன்று விக்கெட்டுகள் வீழ்ந்த நிலையிலிருந்து அணியைத் தூக்கி நிறுத்தி, 146 பந்துகளில் 177 எடுத்தார். அந்தக் கோப்பையின் வரலாற்றில் அதுவே மிக உயர்ந்த எண்ணிக்கை. ஆப்கானிஸ்தான் 8 ஓட்டங்களில் வென்றது. அந்த ஆட்டம் நடந்த ஊர் லாகூர். எந்த நாட்டிலிருந்து தம் மக்கள் அனுப்பப்பட்டதைச் சென்னையில் நினைவுகூர்ந்தாரோ, அந்த நாட்டின் மண்ணிலேயே அவருடைய மிகப் பெரிய ஆட்டம் அமைந்தது.

இவ்வளவோடு முடித்துவிட்டால் கட்டுரை இனிக்கும். ஆனால் பாதி உண்மையைச் சொன்னதாகிவிடும். அந்த லாகூர் ஆட்டத்தை இங்கிலாந்து புறக்கணிக்க வேண்டும் என்று பிரிட்டனின் அரசியல்வாதிகள் 160-க்கு மேற்பட்டோர் முன்னதாகக் கேட்டிருந்தார்கள். ஆப்கானிஸ்தானின் பெண்களை முன்னிட்டே அந்தக் கோரிக்கை எழுந்தது. 2020 நவம்பரில் 25 பெண்களுக்கு ஆப்கானிஸ்தான் கிரிக்கெட் வாரியம் ஒப்பந்தம் வழங்கியிருந்தது. 2021 ஆகஸ்டில் ஆட்சி தாலிபான்களின் கைக்கு மாறியதும் அந்தப் பெண்கள் நாட்டை விட்டு வெளியேற நேர்ந்தது. அவர்களில் பலர் ஆஸ்திரேலியாவில் அடைக்கலம் பெற்று, 2025 ஜனவரியில் மெல்போர்னில் ஒன்றுகூடி ஓர் ஆட்டம் ஆடினார்கள். விளையாட்டாவது போகட்டும். சிறுமிகளுக்கு ஆறாம் வகுப்புக்கு மேல் பள்ளியில்லை என்றாயிற்று. 2022 டிசம்பரில் பல்கலைக்கழகங்களும் மூடப்பட்டன. 2024 டிசம்பரில் தாதியர், மருத்துவச்சிப் பயிற்சிக்கும் கதவடைத்தபோது, ரஷீத் கானும் முகம்மது நபியும் வெளிப்படையாக வேதனை தெரிவித்தார்கள். கல்வி தேடுவதற்கு இஸ்லாம் அளித்துள்ள இடத்தை ரஷீத் கான் சுட்டிக்காட்டினார். புகழ் பெற்றவர்கள் பேசாமல் இருப்பதே பாதுகாப்பு என்ற சூழலில் அந்தப் பேச்சு சிறிதன்று.

என் வீட்டுச் செய்தி ஒன்றைச் சொல்ல வேண்டும். பல ஆண்டுகளுக்கு முன் என் தங்கையின் மூத்த மகள் பன்னிரண்டாம் வகுப்பில் நல்ல மதிப்பெண் வாங்கினாள். உறவினர் கூடி, "பொம்பளைப் பிள்ளைக்கு இம்புட்டுப் படிப்புப் போதும்" என்றார்கள். எங்கள் ஊரில் 1956-லேயே ஹாஜி கருத்த ராவுத்தர் ஹவுதிய்யா கல்லூரி தோன்றியிருந்தும், எங்கள் குடும்பத்தில் ஒரு பெண்ணும் கல்லூரி வாசலை மிதித்ததில்லை. என் தாயார் எழுதப் படிக்கத் தெரியாதவர். வெற்றிலையை மடித்தபடி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தவர் கடைசியில் சொன்னார்: "இவ போனாத்தானேப்பா மத்தவளுக போவாளுக?"

பேத்தி போனாள். பேருந்தில் எத்தனை கண்கள், தெருவில் எத்தனை பேச்சுகள்! எல்லாவற்றையும் அவள் தாங்கிக்கொண்டாள். இன்று ஆசிரியையாக இருக்கிறாள். அவளுக்குப் பின் எங்கள் வீட்டுப் பெண்கள் நால்வர் பட்டம் பெற்றார்கள். அவர்களைப் பற்றி யாரும் கூடிப் பேசவில்லை. பேசித் தீர்க்க வேண்டியதையெல்லாம் முதல் பெண்ணின்மீதே பேசித் தீர்த்திருந்தார்கள். கிரிக்கெட் என்றால் என்னவென்றே அறியாத "நன்னி" தொடக்க ஆட்டக்காரரின் பணியை ஒரே வரியில் சொல்லிவிட்டார்.

இப்ராஹீம் ஸத்ரானின் சாதனைகளை எண்ணி மகிழ்கிற நம் பிள்ளைகளுக்கு இதையும் சொல்லிக்கொடுப்போம். அவர் ஊரில் அவரைப்போலவே திறமையும் பொறுமையும் படைத்த சகோதரிகள் இருக்கிறார்கள்; அவர்களுக்கு மட்டையும் இல்லை, ஏடும் இல்லை. அகதி முகாமில் பந்தெறிந்த பிள்ளைகள் ஒருநாள் லாகூரில் இங்கிலாந்தை வெல்வார்கள் என்று 1980-களில் யார் நினைத்தார்கள்? அதை நடத்திக் காட்டிய அல்லாஹ், மூடிய பள்ளிகளின் கதவுகளையும் திறந்து வைப்பானாக. திறக்கிற நாளில் முதல் பெஞ்சில் வந்து உட்காரப்போகும் சிறுமிக்கு மனவலிமையையும், அவளைக் கைப்பிடித்து அனுப்பி வைக்க ஒரு பாட்டியையும் அவன் தருவானாக.