தூக்கணாங்குருவியின் காதல்

மலாக்கா மாநிலத்தின் ஜாசின், அலோர் காஜா வட்டாரங்களில் ரப்பர், செம்பனைத் தோட்டங்களோடு நெல்வயல்களும் உண்டு. வயலும் புல்லும் சார்ந்த நிலமே தூக்கணாங்குருவிக்கு உகந்தது. மலாய்க்காரர் இதனைத் ‘தெம்புவா’ என்பர். காரணமின்றி இக்குருவி தாழக் கூடு கட்டாது என்பது அவர்தம் பழமொழிக் கருத்து.

இனப்பெருக்கக் காலத்தில் ஆண்குருவியின் தலை பொன்னிறம் பூணும். அது புல்லிழைகளைக் கொணர்ந்து பாதிக் கூட்டை முடைந்து, அதனைப் பற்றித் தொங்கிச் சிறகடித்துப் பெடையை அழைக்கும். பெடையோ உட்புகுந்து, கூட்டையும் அது அமைந்த இடத்தையும் ஆராயும். அது இசைந்தால் கூடு நிறைவெய்தும். மறுத்தால் பெரும்பாலும் பாதியிலேயே கைவிடப்படும்.

அவ்வாறு கூடியவை வாழ்நாள் இணையோ எனின், அன்று. பெடை அடைகாக்க, ஆண் வேறொரு கூடு முடைந்து மற்றொரு பெடையை நாடும். மும்பைக்குத் தெற்கேயுள்ள கிஹிமில் 1930இல் இக்குருவிகளை ஆராய்ந்த சலீம் அலி இதனை விளக்கினார்.

அன்றிலைப் பிரியாக் காதலுக்கு உவமையாக்கிய மரபினர்க்கு இவ்வுண்மை கசக்கலாம். ஆயினும் மாந்தர் அறத்தால் குருவியை அளத்தல் தகாது. அன்றிலின் பிரியாமையைப் புலவர் உள்ளத்தினின்றும், குருவியின் இயல்பைக் குருவியினின்றும் ஆசிரியர் கற்பிப்பாராக.