கருக்கிய மிளகாய்

கட்டின பணம் வீணாகக் கூடாது என்பது எங்கள் வீட்டுக் குலதர்மம். வேண்டாத மருந்தைக்கூட, வாங்கிவிட்ட பாவத்துக்காகக் குடித்துத் தீர்க்கிற வம்சம் எங்களுடையது. நான் மெக்ஸிகோ தேசத்தில் சமையல் கற்றுக்கொள்ளப் போனதற்கும் அதுதான் காரணம்.

2019-ல் ஹூஸ்டனில் இருக்கும் பெண் வீட்டுக்குப் போயிருந்தோம். அவள் எங்கள் இருவரையும் ஒரு வாரம் வாஹாக்காவுக்கு அழைத்துப் போனாள். கடல் மட்டத்துக்கு மேல் ஏறத்தாழ 1,550 மீட்டர் உயரத்தில், மலைகளுக்கு நடுவே, பச்சைக் கல்லால் கட்டிய கோயில்களும் வண்ணச் சுவர்களுமாக இருக்கிற அழகான ஊர் அது. சமையல் வகுப்புக்குப் பணம் கட்டியிருந்தவள் என் சம்சாரம். காலையில் கடைத்தெரு, பகலில் சமையல், பிற்பகல் சாப்பாடு என்று ஏற்பாடு. முதல் நாள் மாலையே அவள் கல் பாவிய தெருவில் கால் பிசகிக் கணுக்காலை வீங்க வைத்துக்கொண்டாள்.

"என்னத்துக்கு வீணாக்கணும்? நீங்க போய்ட்டு வாங்கோ" என்றாள்.

"நானா? எனக்கு வெந்நீர் வைக்கவே தெரியாதே!"

"அதுக்குத்தான் வகுப்பு" என்று சொல்லிக் காலை நீட்டிப் படுத்துவிட்டாள்.

கற்றுக்கொடுத்த அம்மாளுக்கு என் வயதுதான், எழுபது இருக்கும். அங்கே பெரிய மனுஷியை 'தோன்யா' என்று அழைக்கிறார்கள். நம்முடைய 'அம்மாள்' மாதிரி. குள்ளமான உருவம், இரட்டைப் பின்னல், பூவேலை செய்த மேலங்கி. தாய்மொழி ஸாப்போதெக். ஸ்பானிஷ் அதற்கு அப்புறம் வந்ததுதான். காலேஜில் படிக்கிற பேரன் கூடவே வந்து இங்கிலீஷில் சொன்னான்.

முதலில் பெனித்தோ ஹுவாரெஸ் கடைத்தெருவுக்குப் போனோம். ஹுவாரெஸ் இந்த மாநிலத்து மலைக் கிராமத்தில் 1806-ல் பிறந்த ஸாப்போதெக் பையன். பிற்காலத்தில் நாட்டுக்கே ஜனாதிபதியானவர். உள்ளே நுழைந்ததும் எனக்குக் கும்பகோணம் கடைத்தெரு ஞாபகம் வந்தது. அதே இருட்டு, அதே ஈரத் தரை, அதே பேரம். முள் சீவிய சப்பாத்திக்கள்ளி மடல்களை அடுக்கியிருந்தார்கள். பூசணிப்பூவைக் கட்டுக் கட்டாக வைத்திருந்தார்கள். ஒரு கூடையில் சிவப்பாக எதையோ குவித்திருந்தது. வறுத்த கடலைப்பருப்பென்று நினைத்துக் கிட்டே குனிந்தேன். கால்கள் தெரிந்தன. வெட்டுக்கிளி! பூண்டும் எலுமிச்சையும் உப்பும் போட்டு வறுத்தது. விற்கிறவள் ஒரு கை அள்ளி நீட்டினாள். சுத்த சைவம் என்று நான் பின்வாங்கின வேகத்தைப் பார்த்து அந்த வரிசையே சிரித்தது.

பிறகு மிளகாய்க் கடை. மிளகாய் என்றால் நமக்குப் பச்சை, சிவப்பு, மிஞ்சிப் போனால் குண்டு மிளகாய். அங்கே பதினைந்து இருபது குவியல்கள். கறுப்பு, பழுப்பு, காவி, மஞ்சள். சிலது சுருங்கிய திராட்சை மாதிரி இனிப்பாக மணக்கிறது. சிலது புகை நாற்றம் அடிக்கிறது. பச்சையாக இருக்கும்போது ஒரு பெயர், காய்ந்த பிறகு வேறு பெயர். 'பொப்லானோ' காய்ந்தால் 'ஆஞ்சோ'. 'ஹலப்பேனியோ' பழுத்துப் புகையில் வாடினால் 'சிப்போட்லே'. ஒரே பொருளை நாம் நெல், அரிசி, சோறு என்று சொல்லவில்லையா, அந்த மாதிரி.

"உங்கள் ஊரில் மிளகாய் உண்டா என்று பாட்டி கேட்கிறாள்" என்றான் பேரன்.

எனக்கு ரோஷம் வந்துவிட்டது. "மிளகாய் இல்லாமல் எங்களுக்கு ஒரு வேளைச் சாப்பாடு இறங்காது. எங்கள் சமையலுக்கே உயிர் அதுதான்" என்றேன்.

அம்மாள் சிரித்துக்கொண்டே தலையசைத்தாள். "சந்தோஷம். இங்கேயிருந்து போனது. நன்றாக இருக்கிறதா?" என்று விசாரித்தாள். வாழ்க்கைப்பட்டுப் போன பெண்ணைப் பற்றி, வெளியூரிலிருந்து வந்தவனிடம் பிறந்த வீட்டார் விசாரிக்கிற மாதிரி இருந்தது.

உண்மைதானே? 16-ஆம் நூற்றாண்டில் போர்ச்சுகீசியர் கப்பலில் வந்து இறங்கிய சரக்கு அது. மிளகு மாதிரி உறைக்கிற காய் என்று பெயர் வைத்து நம்மவளாக்கிக்கொண்டோம். இன்றைக்கும் எங்கள் வீட்டில் அம்மாவின் சிராத்தத்தன்று மிளகாய் கிடையாது. மிளகுதான். உருளைக்கிழங்கு கிடையாது, தக்காளி கிடையாது. எல்லாம் அமெரிக்கக் கண்டத்துச் சரக்கு. வாழைக்காய், பாகற்காய், பிரண்டை என்று பழைய ஆட்களுக்குத்தான் அன்றைக்கு இலையில் இடம். வருஷத்தில் ஒரு நாள் நம் அடுப்பு தன் பழைய காலத்தை நினைத்துக்கொள்கிறது.

பதிலுக்கு நம்முடையதும் அங்கே போயிருக்கிறது. அடுத்த கடையில் புளி இருந்தது. 1565 முதல் 1815 வரை மணிலாவுக்கும் அக்காபுல்கோவுக்கும் இடையே ஸ்பானியக் கப்பல்கள் போய்வந்தன. புளியும் மாம்பழமும் அந்த வழியாகப் போய் அங்கே வேர்விட்டன. 'தாமரிந்தோ' என்று சொல்லிச் சர்க்கரை போட்டுக் கரைத்துக் குடிக்கிறார்கள். அம்மாள் ஒரு பெரிய பச்சிலையை வாங்கிக் கசக்கி என் மூக்கருகில் பிடித்தாள். சோம்பு வாசனை. 'ஓஹா சாந்தா' என்று பெயர். இலையின் வடிவத்தைப் பார்த்ததும் யாரென்று தெரிந்துவிட்டது. வெற்றிலைக்கு ஒன்றுவிட்ட சகோதரி. மிளகு, வெற்றிலை எல்லாம் ஒரே குடும்பம்.

வீட்டுக்கு வந்தோம். முற்றத்தில் சார்ப்பு இறக்கிய சமையற்கட்டு. விறகடுப்பின் மேல் 'கொமால்' என்ற மண் தோசைக்கல். ஒரு பானையில் முதல் நாளே சுண்ணாம்பு கலந்து வேகவைத்து இரவெல்லாம் ஊறவைத்த மக்காச்சோளம். தேய்த்துக் கழுவினால் தோல் கழன்று வந்தது. இதற்கு 'நிஷ்தமால்' என்று பெயர். இப்படிச் செய்தால்தான் மாவு ஒட்டும், ரொட்டி தட்ட வரும் என்றாள் அம்மாள்.

காரியம் ரொட்டியோடு முடியவில்லை. சோளத்தில் இருக்கும் நியாஸின் என்கிற சத்து, சுண்ணாம்பு பட்டால்தான் நம் உடம்பில் சேரும். ஐரோப்பியர் சோள விதையைக் கொண்டுபோனார்கள். இந்தப் பெண்கள் அதை என்ன செய்கிறார்கள் என்று கேட்கவில்லை. அதன் பலனாக வட இத்தாலியிலும், பிற்பாடு அமெரிக்காவின் தென் மாநிலங்களிலும், சோளமே கதியென்று இருந்த ஏழைகளுக்குத் தோல் வெடித்தது, புத்தி பேதலித்தது. ஆயிரக்கணக்கில் செத்தார்கள். பெல்லாக்ரா என்று பெயர் வைத்து அந்த வியாதியோடு மல்லாடினார்கள். அதைத் தீர்க்கிற சத்து நியாஸின்தான் என்று விஞ்ஞானிகள் கண்டது 1937-ல். அடுப்படிக்காரியை ஒரு வார்த்தை கேட்டிருந்தால் போதும்.

பிறகு 'மோலே நேக்ரோ' என்கிற கறுப்புக் குழம்பு. மிளகாயைக் கொமாலில் போட்டுக் கரியாக்கினாள். நான் "கருகுகிறது, கருகுகிறது" என்று பதறினேன். கருக வேண்டுமாம். விதையைத் தனியே எடுத்து அதையும் கருக்கினாள். எள், பாதாம், நிலக்கடலை, திராட்சை, வாழைப்பழம், பட்டை, கிராம்பு, மிளகு எல்லாவற்றையும் வறுத்தாள். எனக்காகப் பன்றிக் கொழுப்பை விலக்கி எண்ணெய் விட்டாள். கோழிச் சாற்றுக்குப் பதில் காய்கறி வேகவைத்த நீர். நெடி மூக்கில் ஏறியது. கண்ணில் நீர் பெருகி நான் இருமினேன். அந்த நெடியில் திடீரென்று அம்மா வந்து நின்றாள்.

அரைக்கிற கல்லுக்கு 'மெத்தாத்தே' என்று பெயர். மூன்று கால்கள், முன்புறம் சரிவு. பின்னால் மண்டியிட்டு இரண்டு கையாலும் குழவியைத் தள்ள வேண்டும். ஐந்து நிமிஷத்தில் எனக்கு முதுகு விட்டுப்போயிற்று. அம்மாள் வாங்கிக்கொண்டு அரைத்தாள். அரைத்துக்கொண்டே தன் கதையைச் சொன்னாள். பன்னிரண்டு வயதில் கிராமத்திலிருந்து இங்கே வந்தாளாம். முப்பது வருஷம் பிறத்தியார் வீடுகளில் சமைத்தாளாம். அதை வைத்தே வீடு கட்டி நான்கு பேரைப் படிக்க வைத்தாளாம். 2010-ல் யுனெஸ்கோ மெக்ஸிகோவின் பாரம்பரியச் சமையலை மனித குலத்தின் பண்பாட்டுச் செல்வங்களில் சேர்த்ததையும் சொன்னாள். "எனக்கு அது முன்னாலேயே தெரியும்" என்று சிரித்தாள்.

"உங்கள் வீட்டில் யார் அரைப்பார்கள்?"

"அம்மா."

"அம்மா என்ன செய்துகொண்டிருந்தாள்?"

இந்தக் கேள்விக்கு என்னிடம் ஒரு பதில் எப்போதும் தயாராக உண்டு. வீட்டைக் கவனித்துக்கொண்டாள் என்பேன். பேட்டிகளில் சொல்லியிருக்கிறேன். என் நாவல் ஒன்றின் முன்னுரையிலும் எழுதியிருக்கிறேன்.

உண்மை வேறு. அப்பா காலமான பிறகு கும்பகோணத்தில் ஒரு வக்கீல் வீட்டில் அம்மா சமையல் வேலை செய்தாள். விடியற்காலை நாலு மணிக்குப் போவாள். இரவு, தூக்கில் எனக்குச் சாதம் கொண்டுவருவாள். 1962-ல் எட்டாம் வகுப்புப் படிக்கும்போது ஒரு சிநேகிதன், "உங்க அம்மா அந்த வக்கீல் வீட்டில் சமையல்காரியாமே?" என்றான். "இல்லை, அவர் எங்க உறவு. அம்மா ஒத்தாசைக்குப் போறா" என்றேன். திரும்பிப் பார்த்தால் பின்னால் அம்மா, கையில் தூக்கோடு நிற்கிறாள். ஒன்றும் சொல்லவில்லை. மறு நாளிலிருந்து பள்ளிக்கூடத்துத் தெருவை விட்டு, ஆற்றங்கரைப் பக்கமாகச் சுற்றிக்கொண்டு போனாள். நான் பள்ளிக்கூடம் முடிக்கிற வரைக்கும் அப்படித்தான் போனாள். அதைப் பற்றி நானும் பேசவில்லை, அவளும் பேசவில்லை. 1983-ல் போய்விட்டாள்.

மண்டியிட்டு அரைக்கிற அந்தக் கிழவியின் எதிரே தயாராக இருந்த பதில் வாயில் வரவில்லை.

"பிறத்தியார் வீட்டில் சமைத்தாள்" என்றேன்.

பேரன் மொழிபெயர்த்தான். அம்மாள் குழவியை நிறுத்தி என்னைப் பார்த்தாள். ஆறுதல் சொல்லப் போகிறாளோ என்று நினைத்தேன். அவள் கேட்டது வேறு.

"எத்தனை பேருக்கு?"

"பதினாறு பேருக்கு."

"கூடமாட யார்?"

"யாருமில்லை. தனியாக."

"அரைக்கிறதும் அவளேயா?"

"அவளேதான்."

அம்மாள் வாய்க்குள் ஒரு சப்தம் செய்தாள். கொல்லைப்புறம் திரும்பி, பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்த மருமகளிடம் தன் மொழியில் உரக்க என்னவோ சொன்னாள். மருமகள் எழுந்து வந்து என்னை ஒரு மரியாதையோடு பார்த்துவிட்டுப் போனாள்.

"என்ன சொன்னாள்?" என்றேன்.

"பதினாறு பேருக்குத் தனியாக, அரைப்பும் சேர்த்து, என்றாள்" என்றான் பையன்.

சாப்பாட்டைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். 1962 முதல் 1968 வரை டில்லியில் மெக்ஸிகோவின் தூதராக இருந்த கவிஞர் ஆக்டேவியோ பாஸ், அவர்கள் மோலேயையும் நம் குழம்பையும் ஒப்பிட்டு எழுதியிருக்கிறார். கவி சொன்னது சரி. கசப்பும் இனிப்பும் காரமும், கடைசியில் போட்ட சாக்லேட்டுமாக, எது எதுவென்று பிரித்துச் சொல்ல முடியாத ருசி. கருகின மிளகாயின் கசப்பு எங்கேயும் தனியாகத் தெரியவில்லை. ஆனால் அது இல்லாவிட்டால் அந்தக் குழம்பு இல்லை.

ஒரு டப்பாவில் குழம்பும் ரொட்டியும் வைத்துக் கொடுத்தாள். அதைத் தூக்கிக்கொண்டு விடுதிக்கு வந்தேன். சம்சாரம் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தாள்.

"யார் அரைச்சது?"

"கொஞ்சம் நான்."

"அதான் திப்பி திப்பியாயிருக்கு" என்றாள். பிறகு என் முகத்தைப் பார்த்து, "என்ன ஆச்சு?" என்றாள்.

சொன்னேன். கல்யாணமாகி நாற்பத்துநாலு வருஷத்துக்கு அப்புறம் முதல் முறையாக, ஆற்றங்கரைப் பாதை வரைக்கும் சொன்னேன். அவள் ரொட்டியைப் பிட்டுக்கொண்டே கேட்டாள்.

"எனக்குத் தெரியும்" என்றாள். "அம்மாவே சொல்லியிருக்கா. கல்யாணமான புதுசிலே. அவன் குழந்தை, தெரியாமச் சொல்லிட்டான், நீயா அதைக் கேட்டுடாதேடீ, அவனே சொல்றச்சே கேட்டுக்கோன்னா."

கற்றுக்கொண்ட மோலே எனக்கு மறந்துவிட்டது. திரும்பி வந்தபின் வந்த அம்மாவின் சிராத்தத்துக்கு முதல் நாள், சமையல் செய்ய வந்திருந்த அம்மாளுக்கு நானே மிளகு பொடித்துக் கொடுத்தேன். வழக்கமில்லாத வழக்கமாக நான் அடுப்பங்கரையில் நிற்பதைப் பார்த்து அவளுக்கு ஆச்சரியம். "நீங்க எங்கே கத்துண்டேள்?" என்றாள்.

"எங்கம்மா வக்கீல் வீட்டில் சமையல் வேலை செய்தவள்" என்றேன். கூடத்தில் உறவினர்கள் இருந்தார்கள். அவர்கள் காதில் விழட்டும் என்றே கொஞ்சம் உரக்கச் சொன்னேன்.