மாற்று ஆட்டக்காரர்

விளையாடிவிட்டு வீடு திரும்பும் பிள்ளையிடம், "வெற்றியா, தோல்வியா?" என்று கேட்கிறோம். "உன்னை ஆட விட்டார்களா?" என்று நம்மில் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்?

சாத்தூரில் அஸர் தொழுகை முடிந்ததும் எங்கள் மதரஸாப் பிள்ளைகள் வைப்பாற்று மணலில் பந்து உதைப்பார்கள். ஆண்டில் பல மாதங்கள் ஆற்றில் தண்ணீர் இராது. ஆகவே இடத்துக்குப் பஞ்சமில்லை. அணி பிரிப்பவன் நான். ஒரு மாணவனை மட்டும் பல நாட்களாகச் செருப்புகளுக்கும் தொப்பிகளுக்கும் காவலாக அமர்த்தியிருந்தேன். ஒரு மாலை அவன், "அஜ்ரத், நான் எப்போது ஆடுவது?" என்று கேட்டான். "பொறுமையாக இரு" என்றேன்.

அன்றிரவு விகாஸ் தோராசூ என்ற பிரெஞ்சு ஆட்டக்காரரின் நினைவு வந்தது. பெயரைப் பார்த்தவுடன் நம் நாட்டவர் என்று தோன்றும். மொரிசியசுத் தீவில் குடியேறிய தெலுங்கு வழியினரின் வாரிசு அவர். 1973 இல் பிரான்சின் லெ ஆவ்ர் துறைமுகத்துக்கு அருகிலுள்ள ஆர்ஃப்ளரில் பிறந்தார். லெ ஆவ்ர் அணியில் நடுவரிசை ஆட்டக்காரராகத் தொடங்கி, லியோன் அணியுடன் 2003, 2004 ஆகிய ஆண்டுகளில் பிரெஞ்சு லீக் பட்டம் வென்றார். பிறகு இத்தாலியின் மிலான் அணிக்குச் சென்றார். அங்கேதான் அந்த பெஞ்சு அவரைப் பிடித்துக்கொண்டது. 2005 இல் இஸ்தான்புல் இறுதியாட்டத்தில் மிலான் மூன்று கோல் முன்னிலை பெற்றும் லிவர்பூலிடம் தோற்றது. அவர் வெளியே அமர்ந்தபடியே அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

திறமை இல்லாதவரா? 2006 ஏப்ரலில் பிரெஞ்சுக் கோப்பை இறுதியில் பாரிஸ் அணிக்காகத் தொலைவிலிருந்து அவர் அடித்த பந்துதான் மார்செய் அணியை வீழ்த்தியது. அதே கோடையில் ஜெர்மனியில் நடந்த உலகக் கோப்பைக்கும் தேர்வானார். உலகக் கோப்பையில் ஆடிய முதல் இந்திய வம்சாவளியினர் என்று பத்திரிகைகள் எழுதின. ஆடியதோ இரண்டு ஆட்டங்களின் கடைசிச் சில நிமிடங்கள். பிரான்சு இறுதியாட்டம் வரை சென்றது. அவர் பெஞ்சிலேயே இருந்தார்.

அந்த நாட்களில் ஒரு சிறு கேமராவில் தம் காத்திருப்பைத் தாமே படம்பிடித்தார். பிரெட் பூலே என்பவருடன் இணைந்து அவர் உருவாக்கிய அப்படத்தின் பெயரே 'மாற்று ஆட்டக்காரர்' என்பதுதான். ஓட்டல் அறையும் சன்னலும் ஒரு மனிதனின் மனத்தாங்கலும்தான் அதில் உண்டு. இதை நன்றியின்மை என்றவர்கள் உண்டு. அதே ஆண்டு அக்டோபரில், பயிற்சியாளருடன் ஏற்பட்ட பிணக்கால் பாரிஸ் அணி அவரை நீக்கியது. அடுத்துச் சேர்ந்த லிவோர்னோ அணியில் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. 2008 இல் ஓய்வு பெற்றார். பின்னாளில் சீட்டாட்டப் பந்தயங்களில் இறங்கினார். மார்க்கம் விலக்கிய அந்தச் செயலை நான் பாராட்ட இயலாது.

ஆனால் அந்தக் கேமராவை மட்டும் என்னால் குறை சொல்ல முடியவில்லை. பொறுமை உயர்ந்த குணம்தான். எனினும் அணி பிரிக்கும் இடத்தில் இருப்பவன் அதைப் பிறருக்கு உபதேசிப்பது மிக எளிது. அன்று அந்தப் பையனிடம் நான் சொன்னது ஸப்ரு அல்ல, என் வசதி.

மறுநாள் தொடக்கத்திலேயே அவனை இறக்கிவிட்டு, செருப்புகளுக்குக் காவலாக நான் அமர்ந்தேன். ஆட்டம் சுமார்தான், இரண்டு முறை பந்தைக் கோட்டைவிட்டான். மக்ரிபு பாங்கு கேட்கும் வரை வெளியே வர மறுத்துவிட்டான்.