பழவேற்காடு: முகத்துவாரம் திறந்தால்தான் அடுப்பு எரியும்!

பழவேற்காட்டில் ஒரு மீனவரிடம் "இந்த வருஷம் இறால் எப்படி?" என்று கேட்டுப் பாருங்கள். பதில் இறாலில் தொடங்காது. "முகத்துவாரம் அடைச்சுக்கிச்சு" என்றோ, "இப்பதான் திறந்திருக்கு" என்றோதான் தொடங்கும். ஏரியும் கடலும் சந்திக்கும் அந்தச் சின்ன மணல் இடைவெளியைத்தான் ஊரே வருடம் முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கிறது.

சென்னைக்கு வடக்கே சுமார் 60 கிலோமீட்டர். கும்மிடிப்பூண்டி மார்க்கத்து மின்சார ரயிலில் பொன்னேரியில் இறங்கினால், அங்கிருந்து பேருந்து. வயல்கள் முடிந்து, காற்றில் உப்பு வாசம் ஏறும்போது ஊர் வந்துவிட்டது என்று அர்த்தம். ஒரு கடைத்தெரு, மீன் ஏலம், பள்ளிவாசல்கள், மாதா கோயில், பெருமாள் கோயில், ஏரியைத் தாண்டும் ஒரு பாலம். பாலத்துக்கு அந்தப் பக்கம் லைட்ஹவுஸ் குப்பம். அதையும் தாண்டினால் வங்கக் கடல்.

ஏரி என்றதும் கரை கட்டி மதகு வைத்த பாசன ஏரியை நினைத்துவிட வேண்டாம். இது உப்பும் நன்னீரும் கலந்த காயல். ஒடிசாவின் சிலிகாவுக்கு அடுத்து இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர்க் காயல் இதுதான். வடக்கு தெற்காகச் சுமார் 60 கிலோமீட்டர் நீளம்; பெரும்பகுதி ஆந்திராவில் இருக்கிறது, தெற்கு ஓரம் மட்டும் தமிழ்நாட்டுக்கு. இத்தனை பெரிய நீர்ப்பரப்பின் சராசரி ஆழம் ஏறக்குறைய ஒரு மீட்டர்தான் என்றால் நம்பக் கடினமாக இருக்கும். நடு ஏரியில் இடுப்பளவுத் தண்ணீரில் நின்று வலையை இழுப்பவர்களைப் பார்த்தால் நம்புவீர்கள். ஏரிக்கும் கடலுக்கும் நடுவே நீண்ட மதில்போலப் படுத்திருக்கிறது ஸ்ரீஹரிகோட்டா தீவு. ஆம், ராக்கெட் ஏவும் அதே ஸ்ரீஹரிகோட்டாதான். ஏவுதல் நாட்களில் இங்குள்ள மீனவர்கள் கடலுக்குப் போகக் கூடாது. கரையில் நின்று அண்ணாந்து பார்க்கலாம்.

வடகிழக்குப் பருவமழையில் ஆரணி ஆறு தெற்கிலிருந்தும், காளங்கியும் சொர்ணமுகியும் மேலேயிருந்தும் நன்னீரைக் கொண்டுவந்து கொட்டும். ஏரி நிரம்பி, முகத்துவாரத்தைக் கிழித்துக்கொண்டு கடலில் கலக்கும். கோடையில் கதை தலைகீழ். ஆற்று நீர் நின்றுவிடும். கரையோர நீரோட்டம் மணலைக் கொண்டுவந்து வாயில் குவிக்கும். கொஞ்சம் கொஞ்சமாக அடைத்துக்கொள்ளும். உள்ளே மாட்டிய நீர் வெயிலில் வற்றி, சில இடங்களில் கடலைவிட உப்பாகிவிடும்.

இறாலுக்கு இது உயிர்ப் பிரச்னை. இங்கே பிடிபடும் இறால் வகைகள் முட்டையிடுவது கடலில். குஞ்சுகள் முகத்துவாரம் வழியாக ஏரிக்குள் நுழைந்து, அலையில்லாத ஆழமற்ற நீரில் வளர்ந்து, மறுபடி கடலுக்குத் திரும்பும். வாசல் சாத்தியிருந்தால் குஞ்சு எப்படி உள்ளே வரும்? மடவை மீனும் நண்டும் கடலுக்கும் ஏரிக்குமாக நடமாடுபவைதான்.

நவம்பர் முதல் பிப்ரவரி வரை வந்தால் பூநாரைகளைப் பார்க்கலாம். தண்ணீர் முழங்கால் அளவுக்கு இறங்கிய இடங்களில், அலகைத் தலைகீழாகச் சேற்றில் வைத்து இரை தேடும். தூரத்தில் இளஞ்சிவப்புக் கோடு ஒன்று ஏரிமேல் கிழித்ததுபோல் தெரிந்தால், அது பறவைக் கூட்டம். கிட்டே போக ஆசைப்படாமல் பைனாகுலர் கொண்டுபோவது நல்லது.

இந்த முகத்துவாரம் வழியாகத்தான் ஒரு காலத்தில் உலகமே ஊருக்குள் வந்து போனது. கப்பல்கள் கடலில் நங்கூரம் போட்டு நிற்கும். படகுகள் சரக்கை உள்ளே கொண்டுவரும். அரபு நாட்டிலிருந்து படகுகளில் வந்து குடியேறியவர்கள் தங்கள் முன்னோர் என்று இங்குள்ள முஸ்லிம் குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருகின்றன. 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் போர்ச்சுகீசியர் வந்தார்கள். இங்குள்ள மாதா கோயிலின் தொடக்கத்தை 1515-ஆம் ஆண்டாகச் சொல்வார்கள்.

அடுத்து டச்சுக்காரர்கள். விஜயநகர மன்னர் இரண்டாம் வெங்கடனிடம் 1610-ல் அனுமதி வாங்கினார்கள். 1612-ல் போர்ச்சுகீசியர் வந்து அவர்களுடைய பண்டகசாலையை அழித்தார்கள். சும்மா விடுவார்களா? 1613-ல் கோட்டையே கட்டிவிட்டார்கள். தங்கள் நாட்டு மாகாணமான கெல்டர்லாந்தின் நினைவாக அதற்கு 'கெல்ட்ரியா' என்று பெயர். சோழமண்டலக் கரை முழுவதும் நடந்த டச்சு வியாபாரத்துக்கு 1690 வரை பழவேற்காடுதான் தலைமையிடம். இங்கே நாணயம் அச்சடித்தார்கள், வெடிமருந்து தயாரித்தார்கள். ஆனால் அவர்கள் தேடி வந்தது துணியை. இந்தோனேசியத் தீவுகளில் ஜாதிக்காயும் கிராம்பும் வாங்க, வெள்ளிக் காசைவிட நம் நெசவாளர்களின் துணி நன்றாகச் செல்லுபடியானது.

அந்தத் துணியின் சாட்சி இன்னும் இருக்கிறது. மலேசியாவிலும் இந்தோனேசியாவிலும் ஆண்கள் உடுத்தும் கட்டம்போட்ட கைலிக்குப் பெயர் 'கைன் பெலிக்காட்'. கைன் என்றால் மலாய் மொழியில் துணி. பெலிக்காட் என்பது, வெள்ளைக்காரர்கள் 'புலிகாட்' என்று அழைத்த நம் பழவேற்காடு.

ஆங்கிலேயருக்கும் இந்த ஊர்மேல் கண் இருந்தது. 1619-ல் இரு நாட்டுக் கம்பெனிகளும் செய்துகொண்ட உடன்படிக்கையின் பேரில் இங்கே வந்து வியாபாரத்தில் பங்கு கேட்டார்கள். டச்சுக்காரர்களின் ஆதிக்கத்தில் காலூன்ற முடியவில்லை. ஏரியின் வடகோடியை ஒட்டிய ஆர்மகானுக்குப் போனார்கள். அங்கும் சரிப்படாமல் 1639-ல் தெற்கே ஒரு மணல் திட்டில் இடம் வாங்கினார்கள். அதுதான் மதராஸ். பழவேற்காட்டில் அவர்களுக்கு இடம் கிடைத்திருந்தால் இன்று எது நகரம், எது கிராமம் என்று யார் கண்டது!

கோட்டை இருந்த இடத்தில் இப்போது அகழியின் தடமும் முட்புதரும்தான். பழைய வேலங்காடு என்பதால் பழவேற்காடு என்று பெயர்க்காரணம் சொல்வார்கள். கோட்டைமேட்டில் இப்போது மண்டியிருப்பது சீமைக் கருவேலம். டச்சுக் கல்லறைத் தோட்டம் மட்டும் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் ஒழுங்காக இருக்கிறது. வாசலில் இரண்டு எலும்புக்கூடுகளைச் செதுக்கி நிறுத்தியிருக்கிறார்கள். உள்ளே, குடும்பச் சின்னங்களும் டச்சு எழுத்துகளும் பொறித்த கல்பலகைகள். அவ்வளவு நுணுக்கமான வேலைப்பாட்டை இன்னொரு இடத்தில் பார்க்க வேண்டுமானால் ஆதிநாராயணப் பெருமாள் கோயிலுக்குப் போக வேண்டும். செம்பாறைக் கல்லில் விரலளவு உருவங்களாக ராமாயணக் காட்சிகள்.

கல்லறைத் தோட்டத்தில் நிற்கும்போது இன்னொரு கணக்கும் நினைவுக்கு வராமல் போகாது. 17-ஆம் நூற்றாண்டில் பஞ்சம் வந்தபோதெல்லாம், வயிற்றுக்கு வழியின்றித் தங்களையும் பிள்ளைகளையும் விற்றுக்கொண்ட மக்கள் இந்தக் கரையிலிருந்து அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டார்கள். பட்டாவியாவுக்கு, அதாவது இன்றைய ஜகார்த்தாவுக்கு. கவர்னருக்கும் வியாபாரிக்கும் பெயர் பொறித்த கல் இருக்கிறது. அவர்களுக்கு ஒன்றுமில்லை.

தலைமையிடம் நாகப்பட்டினத்துக்கு மாறியது. 1781-ல் அதை ஆங்கிலேயர் பிடித்ததும் மறுபடி பழவேற்காட்டுக்கே வந்தது. கடைசியில் 1825-ல் ஊர் ஆங்கிலேயர் கைக்குப் போய்ச் சேர்ந்தது. ஏற்கெனவே மதராஸ் வளர்ந்துவிட்ட நிலையில் இன்னொரு துறைமுகம் அவர்களுக்கு எதற்கு? கப்பல்கள் போயின. மீன் வலைகள் நின்றன.

அந்த வலைகளுக்கு ஓர் அருமையான சட்டம் உண்டு. 'பாடு' என்று பெயர். ஏரியில் நல்ல இறால் கிடைக்கும் இடங்கள் கொஞ்சம்தான். யார் முந்துகிறாரோ அவருக்கே என்று விட்டால் தினமும் அடிதடிதான். அதனால் எந்த ஊருக்கு எந்த நாள், யாருக்கு எந்த இடம் என்று முறை வைத்து, சீட்டுக் குலுக்கிப் பிரித்துக்கொள்கிறார்கள். இன்று மோசமான இடம் விழுந்தவருக்கு இன்னொரு நாள் நல்ல இடம் விழும். உலகெங்கிலுமிருந்து ஆய்வாளர்கள் வந்து எழுதிக்கொண்டு போன ஏற்பாடு இது. ஆனால், பாடு உரிமை பரம்பரையாக வருவது. அந்தக் குடும்பங்களுக்கு வெளியே இருப்பவர்களுக்கு நல்ல இடங்களில் வலை போட வழியில்லை. மனக்கசப்பும் சண்டையும் வந்திருக்கின்றன. முறை நியாயமானதுதான், உள்ளே இருப்பவர்களுக்கு.

வலையே இல்லாமல் பிழைப்பவர்களும் உண்டு. இருளர் பெண்கள் ஆழமில்லாத நீரில் தவழ்ந்தபடி, சேற்றைக் கைகளால் துழாவி இறால் பிடிப்பார்கள். இரண்டு கையும் வேலையில் இருப்பதால், இறால் போடும் ஓலைப் பறியைப் பல்லால் கடித்துப் பிடித்துக்கொள்வார்கள். மணிக்கணக்கில் உப்புத் தண்ணீரில் கிடக்கும் வேலை. முகத்துவாரம் அடைத்துவிட்டால் முதலில் காலியாவது இவர்களுடைய பறிதான்.

அதனால்தான் நிரந்தர முகத்துவாரம் வேண்டும் என்பது இங்கே பல ஆண்டுக் கோரிக்கை. முன்பெல்லாம் அடைத்துக்கொண்டால் மீனவர்களே கூடி மணலை வெட்டித் திறப்பார்கள். அலை சில வாரங்களில் மறுபடி மூடிவிடும். வாயின் இருபுறமும் கல்சுவர் எழுப்பி, தூர்வாரி நிலைநிறுத்தும் பணியைத் தமிழக அரசு கையில் எடுத்தது. கவலை அதோடு தீரவில்லை. தெற்கே எண்ணூரிலும் காட்டுப்பள்ளியிலும் துறைமுகங்கள் வந்துவிட்டன. கடலுக்குள் நீட்டப்படும் ஒவ்வொரு கல்சுவரும் மணல் நகர்வதை மாற்றும். சுவருக்குத் தெற்கே மணல் சேரும், வடக்கே கரை அரிக்கும். பழவேற்காடு இருப்பது வடக்கே. ஏரியையும் கடலையும் பிரிக்கும் மணல்மேடு மெலிந்துகொண்டே போனால் என்ன ஆகும் என்று குப்பங்களில் கேட்கிறார்கள்.

போகிறவர்களுக்கு ஒரு விஷயம். 2011 டிசம்பர் 25 அன்று சுற்றுலா வந்தவர்களின் படகு கவிழ்ந்து 22 பேர் இறந்தார்கள். அதன்பின் சுற்றுலாப் பயணிகளைப் படகில் ஏற்றத் தடை வந்தது. கரையில் யாராவது ரகசியமாக "ஒரு ரவுண்டு போகலாமா?" என்று கூப்பிட்டாலும் ஏற வேண்டாம். பாலத்தின் நடுவில் நின்றாலே ஏரி முழுதாகத் தெரியும். காலையில் சீக்கிரம் போனால் ஏலம் பார்க்கலாம். இறாலும் நண்டும் வாங்குவதானால் ஐஸ் பெட்டி கொண்டுபோங்கள். இங்குள்ள முஸ்லிம் பெண்கள் பனையோலையில் முடையும் கூடைகளும் பெட்டிகளும் ஊரில் கிடைக்கும். அப்படியே விலை கேட்கும்போது, முகத்துவாரம் திறந்திருக்கிறதா என்றும் கேட்டுப் பாருங்கள். பேச்சு வளரும்.